துண்டுச் சீட்டும் கடவுச் சீட்டும்

திருவனந்தபுரத்திலிருந்து தெற்கே செல்லும் பெருவழியில் நெய்யாற்றின்கரையைக் கடந்து, பாறசாலையை எட்டுமுன் கிழக்கே திரும்பினால், நிலம் மெல்ல மெல்ல உயர்ந்து அகத்திய மலைத்தொடரின் அடிவாரத்தை நோக்கிச் செல்லும். அந்த வழியில் இருப்பது வெள்ளறடை. ரப்பர் மரங்களும் மரச்சீனிக் கொல்லைகளும் சூழ்ந்த ஊர். அதையடுத்த பனச்சமூட்டுச் சந்தையில் ஒரு கடையில் மலையாளத்தில் விலை கேட்டுவிட்டு, அடுத்த கடையில் தமிழில் பேரம் பேசலாம். 1956ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாளன்று விளவங்கோடு தாலுகா சென்னை மாநிலத்தோடு இணைந்தபோது, நெய்யாற்றின்கரைத் தாலுகா கேரளத்தில் நின்றுவிட்டது. எல்லைக்கல் நட்டார்கள், ஆனால் கொள்வினை கொடுப்பினைக்கு அந்தக் கல் என்றும் தடையாக இருந்ததில்லை.

இக்கிராமங்களில் கடல் கடந்த பிழைப்பு புதிய செய்தியன்று. மகன் துபாயில் இருக்கிறான், மருமகள் ஸௌதி அரேபியாவில் செவிலியாக இருக்கிறாள் என்று ஒரு வீட்டில் சொன்னால் இன்று யாரும் வியப்பதில்லை. ‘கொழும்புக்குப் போயிருக்கிறார்’ என்ற சொல்லும் ஒரு காலத்தில் அதே இயல்போடு இப்பகுதியில் வழங்கியதுதான். போகும் திசை மாறியிருக்கிறது. மரக்கலம் போய் விமானம் வந்திருக்கிறது. மாறாமல் நிற்பது ஒன்று உண்டு. அதைப்பற்றியே இங்குச் சில செய்திகளைக் கூற விரும்புகிறேன்.

அயல்நாட்டில் கூலிவேலை செய்யச் செல்லும் ஒருவனுடைய உரிமை எங்கே தொடங்குகிறது? நல்ல கூலி, ஒழுங்கான வீடு, வேலைநேர வரையறை, நோயுற்றால் மருத்துவம் என்று அடுக்கிக்கொண்டு போகலாம். எல்லாம் வேண்டியவையே. ஆயினும் இவையனைத்துக்கும் முற்பட்ட கேள்வி ஒன்று இருப்பதாக எனக்குத் தோன்றுகிறது. அவனுடைய பிரயாணச் செலவை யார் கொடுத்தார், அந்தத் தொகை யார் பேரில் எழுதப்பட்டது என்பதே அக்கேள்வி. நூற்றாண்டுக்கு மேற்பட்ட குடியேற்றச் சட்டங்களின் வரலாற்றைப் புரட்டிப் பார்த்தால், அந்தக் கணக்கு எப்பக்கம் சாய்ந்ததோ அப்பக்கமே தொழிலாளியின் நிலையும் சாய்ந்திருப்பதைக் காணலாம்.

முதலில், இம்மக்கள் ஏன் போனார்கள் என்பதைச் சொல்லவேண்டும். திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் அடிமைமுறை 1855ஆம் ஆண்டு அரச விளம்பரத்தால் ஒழிக்கப்பட்டது. தோள்சீலைக் கலகம் என்று சரித்திரம் கூறும் நீண்ட போராட்டத்தின் முடிவில், 1859ஆம் ஆண்டில், நாடார் குலப் பெண்கள் மார்பை மறைத்து ஆடை அணியலாம் என்று அரசாங்கம் அறிவித்தது. அதிலும் உயர்சாதிப் பெண்களைப்போல் அணியலாகாது என்ற நிபந்தனை ஒட்டிக்கொண்டிருந்தது. ஊதியமில்லாமல் வாங்கப்பட்ட ஊழிய வேலையும் சாதியை ஒட்டிய வரிகளும் மக்கள் நினைவிலிருந்து அகலாத காலம் அது. அப்போதுதான் இலங்கையின் கண்டிச் சீமையில் காடுகள் வெட்டப்பட்டுக் காப்பித் தோட்டங்கள் பெருகின. பாறசாலையிலும் நெய்யூரிலும் தங்கிப் பணியாற்றிய லண்டன் மிஷன் பாதிரிமாரின் எழுத்துகளில், தென்திருவிதாங்கூர் மக்கள் இலங்கைத் தோட்டங்களுக்குப் போய்ச் சம்பாதித்துத் திரும்பிய செய்தி காணப்படுகிறது. ஊரில் நெல்லைக் கூலியாகப் பெற்றவன், அங்கே காசைக் கையில் பார்த்தான். சிலர் அக்காசைக் கொண்டுவந்து துண்டு நிலம் வாங்கினர். ஆகவே ஏமாற்றி இழுத்துச் செல்லப்பட்ட பேதை மக்கள் என்று மட்டும் இவர்களைச் சித்திரிப்பது முழு உண்மையாகாது. ஊரில் தலைகுனிந்து நிற்பதைவிட மலைச்சரிவில் முதுகு குனிந்து உழைப்பது மேல் என்று கணக்கிட்டுப் போனவர்களும் அவர்களில் இருந்தார்கள்.

ஆரல்வாய்மொழிக் கணவாயைத் தாண்டித் திருநெல்வேலிச் சீமை வழியாகத் தூத்துக்குடிக்கும், அங்கிருந்து கொழும்புக்கும் போவது இப்பகுதியினருக்குக் கிட்டிய மார்க்கம். தமிழகத்தின் பிற மாவட்டத்தார் பலர் மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டுப் பாதையில் மாத்தளை வரை கால்நடையாகவே சென்றனர். அப்பாதையில் காய்ச்சலாலும் வாந்திபேதியாலும் மாண்டவர்கள் ஏராளம்.

இங்கே ஒரு வேற்றுமையைக் கவனிக்க வேண்டும். பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தில் அடிமைமுறை 1834ஆம் ஆண்டில் முடிவுக்கு வந்ததும், கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. அவ்வாண்டிலேயே மொரீஷியஸுக்கு ஒப்பந்தக் கூலிகள் அனுப்பப்பட்டனர். 1860ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் நாள் ‘ட்ரூரோ’ என்ற கப்பல் சென்னையிலிருந்து சென்ற 342 பேரோடு நேட்டாலில் போய்ச் சேர்ந்தது. இவர்கள் ஐந்து ஆண்டு ஒப்பந்தத்தில் கட்டுண்டவர்கள். அதனால் இவர்களைப் பாதுகாக்க 1837 முதலே இந்திய அரசாங்கம் சட்டங்கள் செய்தது. துறைமுகங்களில் குடியேற்றப் பாதுகாவலர் என்ற அதிகாரி அமர்த்தப்பட்டார். இலங்கைக்குச் சென்றவனோ ஐந்தாண்டுச் சீட்டில் கைநாட்டு வைக்கவில்லை. மாதக்கூலி, ஒரு மாத முன்னறிவிப்புக் கொடுத்துவிட்டு விலகலாம். ஆதலால் அவன் சுதந்திரமானவன், பக்கத்து ஊருக்குப் போகிறவனைப்போலப் போகிறான் என்று கருதி, 1847ஆம் ஆண்டுச் சட்டம் இலங்கைப் பிரயாணத்துக்குக் குடியேற்ற விதிகளிலிருந்து விலக்கு அளித்துவிட்டது. சட்டப் புத்தகத்தைப் பார்த்தால் நேட்டாலுக்குப் போனவன் கட்டுண்டவன். கண்டிக்குப் போனவன் கட்டற்றவன்.

கணக்குப் புத்தகத்தைப் பார்த்தால்தான் உண்மை விளங்கும்.

தோட்டத்துரை நேராக ஊருக்கு வந்து ஆள் பிடிப்பதில்லை. அவர் பெரிய கங்காணியிடம் முன்பணம் கொடுப்பார். பெரிய கங்காணி சில்லறைக் கங்காணிகளிடம் பிரித்துக் கொடுப்பார். சில்லறைக் கங்காணி தன் ஊருக்கும் உறவினர் ஊருக்கும் வந்து, பழைய கடனைத் தீர்க்கச் சிறிது, வழிச்செலவுக்குச் சிறிது, வீட்டில் விட்டுச் செல்லும் முதியவர்க்குச் சிறிது என்று கொடுத்து ஆட்களைத் திரட்டுவார். கொடுத்த பணம், கொடுக்காத பணம், வட்டி, கம்பளி விலை, வழியில் உண்ட சோற்றின் விலை எல்லாம் சேர்ந்து தோட்டத்தில் கால் வைக்கும்போதே ஒரு தொகையாக ஆள் தலையில் ஏறியிருக்கும். வேலைக்கு வந்த ஒவ்வொரு தலைக்கும் கங்காணிக்குத் துரை தனியே தலைக்காசு கொடுப்பார். பல தோட்டங்களில் கூலியும் கங்காணியின் கைவழியே வந்தது. கடன் கொடுத்தவரே கூலி கொடுப்பவர், அவரே உறவினர், அவரே ஊர்ப் பெரியவர். இதில் எவரிடம் போய் எவரைப்பற்றி முறையிடுவது?

ஒரு மாத முன்னறிவிப்புக் கொடுத்துவிட்டுப் போகலாம் என்ற உரிமை இங்கேதான் காற்றில் கரைந்தது. கடனைத் தீர்க்காமல் வேறு தோட்டம் போகமுடியாது. கங்காணி தன் கூட்டத்தோடு வேறு தோட்டத்துக்குப் போக விரும்பினால், துரை ஒரு சிறு கடுதாசி கொடுப்பார். இன்னாருடைய கூட்டத்தின் பேரில் இவ்வளவு ரூபாய் பற்று இருக்கிறது. அதைச் செலுத்துகிறவருக்கு இவர்களை விட்டுக்கொடுக்கத் தயார் என்று அதில் எழுதியிருக்கும். அதற்குத்தான் ‘துண்டு’ என்று பெயர். அத்துண்டை எடுத்துக்கொண்டு கங்காணி தோட்டம் தோட்டமாக அலைவார். பற்றுத்தொகையைக் கட்ட முன்வரும் துரையிடம் கூட்டம் போய்ச் சேரும். புதிய துரை கங்காணிக்கு இன்னும் கொஞ்சம் கூடுதலாகவும் கொடுப்பார். அதுவும் ஆட்களின் பேரிலேயே எழுதப்படும். இவ்வாறு ஒவ்வொரு மாற்றத்திலும் கடன் வளர்ந்தது. விற்பனை என்ற சொல்லை மட்டும் யாரும் வாயால் சொல்லவில்லை. தப்பி ஓடினாலோ, 1865ஆம் ஆண்டு இலங்கைச் சட்டம் சிறைக்கதவைத் திறந்து வைத்திருந்தது. முன்னறிவிப்பின்றி வேலையை விட்டு நீங்குவது அச்சட்டத்தில் குற்றம்.

1869ஆம் ஆண்டு தோன்றிய இலைநோய் காப்பியை அழித்தது; தேயிலை வந்தது. பயிர் மாறியதே தவிரத் துண்டு மாறவில்லை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தகரச் சீட்டு என்ற புதுமை ஒன்றும் சேர்ந்துகொண்டது. எண் பொறித்த சிறு தகரவில்லையைத் தொழிலாளி தன்னோடு வைத்துக்கொள்ள வேண்டும்; அதைக் காட்டினால் வழியில் சோறும் வண்டியும் கிடைக்கும்; ஆகும் செலவு அந்த எண்ணுக்குரிய தோட்டத்தின் கணக்கில் ஏறும்; தோட்டத்தின் கணக்கிலிருந்து இறங்கி அவன் கணக்குக்கே திரும்பும். அவனுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அந்த எண்ணைக்கூட அவன் பிறர் வாசிக்கக் கேட்டே அறிந்தான்.

இம்முறை எப்படி ஒழிந்தது? இரக்கத்தால் என்று சொல்லத் துணியமாட்டேன். தென்னாப்பிரிக்காவில் காந்தியடிகள் நடத்திய போராட்டமும், சட்டசபையில் கோகலே 1910ஆம் ஆண்டிலும் 1912ஆம் ஆண்டிலும் கொண்டுவந்த தீர்மானங்களும் ஒப்பந்தக் கூலிமுறையை நாட்டின் மானப் பிரச்சினையாக ஆக்கின. 1917ஆம் ஆண்டில் அம்முறைக்கு ஆள் சேர்ப்பது தடுக்கப்பட்டது. 1920ஆம் ஆண்டின் முதல் நாளில் பிஜித் தீவில் எஞ்சியிருந்த ஒப்பந்தங்களும் ரத்தாயின. அந்த அலை இலங்கையையும் தொட்டது. தோட்டத்துரைமாருக்கும் உள்ளூரச் சலிப்பு இருந்தது. ஒருவரோடொருவர் போட்டியிட்டு முன்பணத்தை உயர்த்தி, அப்பணம் கங்காணிமாரிடம் முடங்கிக் கிடந்தது. இருவகை நெருக்கடியும் கூடியபோது, 1921ஆம் ஆண்டில் இலங்கைச் சட்டம் துண்டுமுறையை ஒழித்தது.

அதற்கு அடுத்த ஆண்டு இந்தியக் குடியேற்றச் சட்டம் வந்தது. 1922ஆம் ஆண்டின் இந்த ஏழாவது சட்டத்தை நம் சரித்திர நூல்கள் போதிய அளவு பாராட்டவில்லை என்பது என் எண்ணம். முக்கால் நூற்றாண்டு விலக்குப் பெற்றிருந்த இலங்கை இச்சட்டத்தின்கீழ் வந்தது. அதைவிடப் பெரிய மாற்றம் விதிகளில் இருந்தது. ஆள் சேர்க்கும் செலவும், மண்டபம் முகாமில் உண்ணும் சோறும், தனுஷ்கோடி – தலைமன்னார்க் கப்பல் கட்டணமும், தோட்டம்வரை செல்லும் ரயில் கட்டணமும் முதலாளிமார் செலுத்தும் பொது நிதியிலிருந்து கொடுக்கப்படவேண்டும். அதில் எப்பகுதியையும் தொழிலாளியிடம் வசூலிக்கலாகாது. மலாயாவில் 1907ஆம் ஆண்டிலேயே இத்தகைய நிதி தோன்றியிருந்தது. இலங்கையில் 1923 முதல் நடைமுறைக்கு வந்தது. உடல்நிலை இடங்கொடாவிட்டாலோ, அநீதியாக நடத்தப்பட்டாலோ, ஓராண்டுக்குள் இலவசமாகத் தாயகம் திரும்பும் உரிமையும் கிடைத்தது. இந்திய அரசாங்கத்தின் பிரதிநிதி ஒருவர் கண்டியில் அமர்ந்து தோட்டங்களைப் பார்வையிட்டு ஆண்டுதோறும் அறிக்கை எழுதினார். 1927ஆம் ஆண்டில் குறைந்தபட்சக் கூலிச் சட்டமும் நிறைவேறியது. பெண்ணுக்கு ஆணைவிடக் குறைத்தே வைத்தார்கள், அதையும் சொல்லிவிட வேண்டும்.

திருவிதாங்கூர் சுதேச சமஸ்தானம்; டில்லிச் சட்டம் அங்கே செல்லாது. ஆனால் வெள்ளறடைக்காரன் கப்பலேறும் துறை பிரிட்டிஷ் இந்தியாவில் இருந்தது. சட்டம் அவன் பிறந்த ஊரைப் பார்க்கவில்லை, அவன் ஏறும் துறையைப் பார்த்தது. இது இச்சட்டத்தின் பலம், இதுவே பலவீனமும்கூட. துறைமுகத்தில் அவனுக்குக் கிடைத்த காப்பு, அக்கரையில் அவன் குடும்பத்தோடு வாழத் தொடங்கியபின் எவ்வளவு தூரம் செல்லும்? கங்காணி மறைந்துவிடவில்லை, தோட்டக் கடையின் பற்று வரவும் மறையவில்லை. 1931ஆம் ஆண்டில் கோ. நடேசய்யர் தோட்டத் தொழிலாளர்க்கென்று சங்கம் நிறுவியபோது, அவரும் அவர் மனைவி மீனாட்சியம்மாளும் தோட்டம் தோட்டமாகச் சென்று இதைத்தான் எடுத்துரைத்தார்கள்.

1939ஆம் ஆண்டு இலங்கை அரசாங்கம் தன் இலாகாக்களிலிருந்து இந்தியத் தினக்கூலிகளை நீக்கியது. நேரு நேரில் சென்று பேசியும் பயன் ஏற்படவில்லை. ஆகஸ்டு முதல் நாள் இந்திய அரசாங்கம் இலங்கைக்குத் தொழிலாளர் செல்வதையே தடைசெய்தது. முந்திய ஆண்டு மலாயாவுக்கும் அத்தகைய தடை விதிக்கப்பட்டிருந்தது. காப்பதற்குக் கதவைச் சாத்துவது அரசாங்கங்கள் என்றும் விரும்பும் எளிய வழி. ஊருக்கு விடுமுறையில் வந்திருந்தவன் இக்கரையிலும் அவன் மனைவி மக்கள் அக்கரையிலும் நின்ற அவதியைக் கதவு அறியாது.

பின் நிகழ்ந்தவை பலரும் அறிந்தவை, சுருங்கச் சொல்கிறேன். 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரைப் பெரும்பாலும் நாடற்றவராக்கியது. 1964ஆம் ஆண்டு அக்டோபரில் சாஸ்திரியும் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் 9,75,000 பேரைப் பங்கிட்டனர்: இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000, எஞ்சிய 1,50,000 பேரை 1974ஆம் ஆண்டில் சமமாகப் பிரித்தனர். அம்மக்களுள் ஒருவரையேனும் கேட்டதாகத் தெரியவில்லை. அவ்வாறு வந்தவர்களில் ஒரு பகுதியினர்க்காகக் கேரளத்தில் புனலூரை மையமாகக் கொண்டு 1976ஆம் ஆண்டில் ரப்பர்த் தோட்ட நிறுவனம் ஒன்று அமைக்கப்பட்டது. பாட்டன் கொழுந்து பறிக்கப் போனான். பேரன் பால் வெட்டத் திரும்பினான்.

இதற்கிடையில், 1973ஆம் ஆண்டு எண்ணெய் விலை உயர்வுக்குப் பின், பாரசீக வளைகுடா நாடுகளில் கட்டட வேலைக்கு ஆள் தேவைப்பட்டது. கேரளம் புறப்பட்டது, குமரி மாவட்டமும் உடன் புறப்பட்டது. குடிபெயர்வுக் கணக்கெடுப்புகளின்படி, 1998ஆம் ஆண்டில் வெளிநாடுகளில் இருந்த கேரள மக்கள் ஏறக்குறைய 13.6 லட்சம், 2023ஆம் ஆண்டில் சுமார் 22 லட்சம். கொத்தரும் தச்சரும் மின்பணியாளரும் செவிலியரும் மட்டுமல்லர்; நம் கடற்கரை மீனவர்களும் ஈரான், பஹ்ரைன், ஸௌதி அரேபியா முதலிய நாடுகளில் அரபு முதலாளிகளின் படகுகளில் கூலிக்கு மீன் பிடிக்கிறார்கள்.

1922ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 1983ஆம் ஆண்டில் புதிய குடியேற்றச் சட்டம் இயற்றப்பட்டது. ஆள் சேர்க்கும் தரகர் பதிவு செய்துகொள்ள வேண்டும், பிணைத்தொகை கட்டவேண்டும். பத்தாம் வகுப்புத் தேறாதவர், குறிப்பிட்ட சில நாடுகளுக்கு வேலைக்குச் செல்லுமுன் குடியேற்றப் பாதுகாவலரின் அனுமதி பெறவேண்டும். பழைய பதவிப்பெயர் அப்படியே தொடர்ந்தது. திருவனந்தபுரத்திலும் கொச்சியிலும் சென்னையிலும் அவ்வலுவலகங்கள் அமைந்தன. ஆனால் ஒரு விஷயத்தில் புதிய சட்டம் பழையதைவிடப் பின்வாங்கியது. தொழிலாளியிடம் ஒரு காசும் வசூலிக்கலாகாது என்பது 1923ஆம் ஆண்டு விதி. தரகர் தொழிலாளியிடமே கட்டணம் வாங்கலாம், ஆனால் வரம்புக்குள் வாங்கவேண்டும் என்பது புதிய ஏற்பாடு. அவ்வரம்பு பிற்காலத்தில் 30,000 ரூபாயும் வரியும் என்று உயர்த்தப்பட்டது. வரம்பு என்று ஒன்று வந்தால் வரம்பு மீறலும் வரும். செவிலியரிடம் 19,500 ரூபாய் பெறவேண்டிய இடத்தில் 19.5 லட்சம் பெற்றதாக 2015ஆம் ஆண்டில் சி.பி.ஐ. வழக்குத் தொடுத்தது. அதன்பிறகே, அனுமதி தேவைப்படும் நாடுகளுக்குச் செவிலியரை அனுப்பும் பணி நோர்க்கா முதலிய அரசாங்க நிறுவனங்களிடம் ஒப்படைக்கப்பட்டது.

எனக்குத் தெரிந்த ஓர் இளைஞன் இவ்வெல்லைப் பகுதியைச் சேர்ந்தவன். பெயர் வேண்டாம். மின்பணி பயின்றவன். ஒரு தரகர் வாயிலாக வளைகுடா நாடு ஒன்றுக்குச் சென்றான். கொடுத்தது 1,40,000 ரூபாய். பெற்ற ரசீது மட்டும் சட்டம் அனுமதிக்கும் தொகைக்கு. தாயின் நகையும் வீட்டு ஆதாரமும் அடகுக்குப் போயின. இறங்கிய மறுநாள் வேறொரு ஒப்பந்தத்தில் கையெழுத்து வாங்கினார்கள். கடவுச்சீட்டை வாங்கி வைத்துக்கொண்டார்கள். மின்பணி கிடைக்கவில்லை, செங்கல் சுமக்கும் வேலைதான் கிடைத்தது. “ஏன் உடனே திரும்பி வரவில்லை?” என்று பின்னர் நான் கேட்டேன். “ஊரில் வட்டி ஓடுகிறதே, ஐயா” என்றான். பூட்டிய அறையும் காவற்காரனும் அவனுக்குத் தேவைப்படவில்லை.

அங்குள்ள ஸ்பான்ஸர் முறையைப்பற்றி உலகம் நிறையப் பேசியிருக்கிறது. முதலாளியின் சம்மதமின்றி வேலை மாறமுடியாது என்பது அம்முறையின் உயிர்நாடி. துண்டுக்கு அது தம்பி முறை. 2020ஆம் ஆண்டில் கத்தார் நாடு, வேலை மாறுவதற்குப் பழைய முதலாளியின் சம்மதக் கடிதம் வேண்டும் என்ற விதியை நீக்கியது. அடுத்த ஆண்டு மாதம் 1,000 ரியால் என்று குறைந்தபட்சக் கூலியும் விதித்தது. நல்ல மாற்றம்தான். ஆனால் கடனோடு இறங்குகிறவன் வேலை மாறும் உரிமையை எவ்வளவு தூரம் கையாளுவான் என்பதைக் கண்டிச் சீமையின் ஒரு மாத முன்னறிவிப்பு நமக்கு முன்பே காட்டியிருக்கிறது.

சர்வதேச உடன்படிக்கைகளும் இருக்கின்றன. சர்வதேசத் தொழில் ஸ்தாபனம் 1949ஆம் ஆண்டிலும் 1975ஆம் ஆண்டிலும் குடிபெயரும் தொழிலாளர்க்கென்று உடன்படிக்கைகள் செய்தது. தரகர்கள் தொழிலாளரிடம் கட்டணம் வாங்கலாகாது என்று 1997ஆம் ஆண்டு உடன்படிக்கை கூறுகிறது. ஐக்கிய நாடுகள் சபை 1990ஆம் ஆண்டு டிசம்பர் 18ஆம் நாள் ஏற்றுக்கொண்ட உடன்படிக்கை, தொழிலாளரோடு அவர்தம் குடும்பத்தாரின் உரிமையையும் சேர்த்தே பேசுகிறது. அது 2003ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்தது. பிலிப்பைன்ஸும் இலங்கையும் அதில் சேர்ந்தன. வளைகுடா நாடுகள் சேரவில்லை, இந்தியாவும் சேரவில்லை. ஆள் அனுப்பும் நாடு கையெழுத்திடத் தயங்கும்போது, ஆள் பெறும் நாட்டைக் குறைகூறுவதில் வலுவிராது.

கேரளம் 2008ஆம் ஆண்டிலும் தமிழ்நாடு 2011ஆம் ஆண்டிலும் வெளிநாடு வாழ்வோர் நலனுக்கெனச் சட்டங்கள் இயற்றின. பனச்சமூட்டில் சாலையின் ஒரு புறத்தில் வசிப்பவனுக்குத் திருவனந்தபுரமும், மறு புறத்தில் வசிப்பவனுக்குச் சென்னையும் முறையிடும் இடங்கள். இருவரும் விமானம் ஏறுவது பெரும்பாலும் திருவனந்தபுரத்தில்தான். நான் சொன்ன இளைஞனின் வீடு ஒரு புறத்திலும் தரகரின் கடை மறு புறத்திலும் இருந்தன. புகாரை எடுத்துக்கொண்டு ஓர் அலுவலகத்துக்குப் போனான். எல்லைக்கு அப்பால் போகச் சொன்னார்கள். அங்கே போனான், வீடு இருக்கும் இடத்தில் கொடுக்கச் சொன்னார்கள். இரண்டாண்டு செங்கல் சுமந்து கடனை அடைத்து, வீட்டு ஆதாரத்தை மீட்டான். சென்ற ஆண்டு மீண்டும் புறப்பட்டான். போகுமுன் ஒப்பந்தத்தை என்னிடம் கொண்டுவந்து, எவ்வளவு சம்பளம் என்று காட்டுமுன், விமானக் கட்டணம் கம்பெனியைச் சேர்ந்தது என்று எழுதியிருந்த வரியை விரல் வைத்துக் காட்டினான்.